பனிராசாவைக் கேள்வி கேட்ட ஹாமோ

எங்கள் பக்கத்தில் மேய்ப்பன் செத்தால் அவன் கையில் ஒரு பிடி கம்பளி வைத்துப் புதைப்போம். மேலே போனதும், ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்கு ஏன் வரவில்லை என்று கேட்பார்கள். கையை விரித்துக் காட்டினால் போதும். ஆட்டை விட்டுவிட்டு எவன் வருவான் என்று அவர்களுக்குத் தெரியாதா? அங்கேயும் மேய்ப்பர்தானே தலைவர்.

ஹாமோவின் கையில் இரண்டு பிடி வைத்தோம்.

ஆல்டர்கூமில் பிரபுவின் ஆடுகளை மேய்த்தவன் ஹாமோ. நெட்டை ஆள், குனிந்த நடை. எதையாவது கேட்டால் பதில் வருவதற்குள் அரை வயல் உழுதுவிடலாம். நான் ஊரின் வயல்காவல்காரன். வேலி தாண்டிய மாட்டையும் ஆட்டையும் பிடித்து அடைப்பதும், ஆபத்து என்றால் கொம்பு ஊதுவதும் என் பிழைப்பு. அவன் ஆடுகள் வேலியை மதித்ததே இல்லை. வருஷம் முழுக்க எங்களுக்குள் சண்டை. பழக்கம் அப்படித்தான் வந்தது.

அந்த வாய்மூடி மனுஷனுக்கு வருஷத்தில் ஒரு நாள் வாய் திறக்கும். மே மாதம் முதல் தேதி, ஓடைக்கரையில் பனிராசாவும் வேனில்ராசாவும் மோதும் நாள். கம்பு கத்தியெல்லாம் கிடையாது, பாட்டுத்தான். ஒருவன் ஓர் அடி சொன்னால் மற்றவன் ஓர் அடியால் அதை மடக்க வேண்டும். எங்கள் பாட்டில் அடியின் முடிவில் ஓசை சேர வேண்டியதில்லை. சொற்களின் தலையில் சேர வேண்டும், ஒரே ஏரில் பூட்டிய மாடுகள் கால் எடுத்து வைப்பது போல. பதில் வராமல் ஒருவன் நின்றுவிட்டால் நான் கொம்பை எடுத்து ஊதுவேன். என் மூச்சு முடிவதற்குள் அவன் வாய் திறக்காவிட்டால் தோற்றான். ஓடைக்குள் தள்ளிவிடுவோம். வேனில்ராசா தோற்றால் அந்த வருஷம் விதைத்தது வராது என்பார்கள். அவர் தோற்று யாரும் பார்த்ததில்லை.

அதற்குக் காரணம் ஹாமோதான். பனிராசா எப்போதும் அவன். கம்பளித்தோலைப் புரட்டிப் போட்டு, முகத்தில் மாவு அப்பி, வைக்கோல் தாடி கட்டி வந்து நிற்பான். எதிரே இலையும் கொடியும் சுற்றிக்கொண்டு மாவுமில் ரான்டல். பருத்த தொண்டை, பெரிய வாய். ஒரு வருஷம் அவன் எடுத்த எடுப்பிலேயே முழங்கினான்:

"குளத்துக் கரையில் குயிலைக் கூப்பிட்டேன், கூடு கட்டியது."

ஹாமோ பாட்டை விட்டுப் பேச்சில் இறங்கிவிட்டான். "குயில் எந்தக் காலத்துலடா கூடு கட்டுச்சு? அது அடுத்தவன் கூட்டுல கை வைக்கிற ரகம். நீ அடுத்தவன் மூட்டையில கை வைக்கிற மாதிரி."

கரையே உருண்டு புரண்டு சிரித்தது. ரான்டலும் சிரித்தான். மில்காரன் மாவு திருடுவான் என்பது அவன் பிறப்பதற்கு முன்பே இருக்கிற பேச்சு.

இப்படி அடிமேல் அடி வைத்து ரான்டலை மூச்சுத் திணற வைப்பான் ஹாமோ. கடைசியில், இனி வேனிலுக்கு வழியே இல்லை என்று கரை பயப்படும் நேரத்தில், தடுமாறுவதுபோல் நடித்துப் பேச்சை நிறுத்திக்கொள்வான். நான் கொம்பு ஊதுவேன். ஓடைக்குள் விழுவான். ரான்டல் ஜெயித்தான் என்று ஊர் நினைக்கும். ஹாமோவிடம் இன்னும் ஓர் அடி மிச்சம் இருக்கிறது, அதை அவன் சொல்வதில்லை என்பது மூன்று பேருக்குத் தெரியும். எனக்கு, அவன் மனைவி இடோனிக்கு, மகள் எம்மோட்டுக்கு.

எம்மோட்டுக்கு அப்போது பதினாலு வயது இருக்கும். மூத்த பையன்கள் இருவரையும் கொள்ளைநோய் கொண்டுபோனபின் அவள்தான் அந்த வீட்டில் மிஞ்சியவள். அப்பனின் நெட்டை, அம்மாவின் வாய். பட்டியின் தட்டிகளை அப்பனுக்குச் சமமாகத் தூக்கி நடுவாள். "காவக்காரரே, எங்க ஆட்டுக்கு உங்க வேலி தெரியல. அதுல கொஞ்சம் முள்ளு வச்சாத் தெரியும்," என்று என்னையே மடக்குவாள்.

ஜனவரியில், மூன்று ராசாக்கள் திருநாளன்று பிரபுவின் வீட்டுக்கு விருந்தாளிகள் வந்திருந்தார்கள். வெளியே உறைபனி, உள்ளே பெரிய கணப்பு. இந்தக் குளிருக்குப் பனிராசா பாட்டுப் பொருத்தமாக இருக்கும் என்று எவருக்கோ தோன்றியிருக்கிறது. மணியக்காரர் ஆள் அனுப்பினார். ஹாமோ வானத்தைப் பார்த்துக்கொண்டு தயங்கினான். மேகம் ஈயம் மாதிரி இறங்கியிருந்தது. பட்டியில் சினையாடுகள் இருந்தன.

எம்மோட்தான் பிடித்துத் தள்ளினாள். "போய்ப் பாடிட்டு வாங்கப்பா. ஆடு என்ன பாட்டா கேக்குது? நான் பாத்துக்கறேன். எனக்கு ஒரு இறைச்சி அப்பம் கொண்டாந்தாப் போதும்."

எனக்கும் ரான்டலுக்கும் கூடத்தின் கதவோரம் இடம் கிடைத்தது. ஹாமோ அன்று பாடியதுபோல் எந்த மே மாதத்திலும் பாடியதில்லை. எதிரே வேனில்ராசா இல்லை, தோற்க வேண்டிய கட்டாயமும் இல்லை. முழுப்பாட்டும் வேண்டும் என்றார் பிரபு. ஆகவே மே மாதத்தில் சொல்லாமல் வைக்கும் அந்தக் கடைசி அடியையும் சேர்த்துச் சொன்னான்:

"வெள்ளைப் போர்வை விரித்தேன் வயலுக்கு, வேலை விட்டது.
ஓடிய ஓடையை உறங்க வைத்தேன், ஓசை ஓய்ந்தது.
பட்டி பிரிந்ததைப் பனியால் பொத்தினேன், பசி போயிற்று."

 கூடத்தில் மேசைகளைத் தட்டினார்கள். கடைசி அடியை இன்னொரு முறை சொல்லச் சொன்னார்கள். சொன்னான். அதற்குள் வெளியே பனி கொட்டிப் பாதை மூடிவிட்டதால் யாரும் வெளியே போகக்கூடாது என்று கதவை அடைத்துவிட்டார்கள். எல்லாரும் வைக்கோலில் அங்கேயே படுத்தோம்.

காலையில் வெளியே வந்தபோது வேலிகளின் தலை மட்டும் தெரிந்தது. ஹாமோ அப்பத்தைத் துணியில் சுற்றித் மேலங்கிக்குள் வைத்திருந்தான். பட்டியில் ஓர் ஆடு குறைந்தது. எம்மோட்டும் இல்லை.

மேட்டு வேலியின் மறுபக்கத்தில், வெள்ளைமுள் புதரடியில் முதலில் ஆடுதான் தெரிந்தது. எங்களைப் பார்த்ததும் எழுந்து கத்தியது. அதை அணைத்துக்கொண்டு படுத்திருந்தவள் எழவில்லை. ஆட்டுக்குக் கம்பளி இருந்தது.

புதைக்கும்போது ஹாமோ இடுப்பிலிருந்து ஒரு பிடி கம்பளியை எடுத்து அவள் விரல்களுக்குள் வைக்கப் போனான். பாதிரியார் அவன் கையைப் பிடித்தார். கெட்டவர் இல்லை. முறை தவறக்கூடாது என்பவர்.

"அது மேய்ப்பனுக்கு ஹாமோ. இவ ஒரு ஞாயிறு தவறாம வந்த பிள்ளை."

"அன்னிக்கி அவதான் சாமி மேய்ப்பன்."

"வேண்டாம்பா. இவளுக்குச் சாக்கு எதுக்கு?"

ஹாமோ சண்டை போடத் தெரியாதவன். கம்பளியை மறுபடி இடுப்பில் செருகிக்கொண்டான். பாதிரியார் அவனைத் தேற்றப் பார்த்தார். பனி என்பது சாவு, வேனில் என்பது உயிர்த்தெழுதல், ஆடு என்பது ஆன்மா என்று எடுத்துச் சொன்னார். அவள் இப்போது இலை உதிராத தோட்டத்தில் இருக்கிறாள் என்றார்.

ஹாமோ கேட்டான். "அங்க ஆடு இருக்கா சாமி?"

"ஆட்டுக்குட்டியானவர் இருக்கார்."

"ஒண்ணுதானா?"



ஊர் வேறுமாதிரி பேசியது. இத்தனை வருஷம் பனிராசா வேடம் கட்டினானே, அந்த ராசா தன் பங்கை எடுத்துக்கொண்டான் என்றது. அவன் காதுபடவே சொன்னார்கள். அவனும் அதை நம்பினான் என்று நினைக்கிறேன். நம்மூரில் எதற்கும் ஒரு முகம் உண்டு. பசிக்கு முகம் உண்டு, பேராசைக்கு முகம் உண்டு, கோயில் சுவர்ப் படத்தில் சாவே ஈட்டியோடு நிற்கிறது. பனிக்கு இத்தனை வருஷம் முகமாக இருந்தவன் அவன்.

ஏப்ரலில், கள் விற்கும் கிழவி வீட்டு வாசலில் வேடம் பிரித்துக்கொள்ள உட்கார்ந்தோம்.

"இந்த வருஷம் நான் வேனில்ராசா," என்றான் ஹாமோ.

ரான்டல் கள்ளைத் துப்பினான். "நீயா? உன்னப் பாத்தா பூத்த பூவே திரும்ப மொட்டுக்குள்ள போயிரும்யா."

யாரோ சிரித்தார்கள். ஹாமோ சிரிக்காததால் அது பாதியில் நின்றது.

"எனக்கு அவன் எதிர்ல நிக்கணும்," என்றான்.

"எவன் எதிர்ல?"

"பனிராசா."

ரான்டல் தாடையைச் சொறிந்தான். "சரி, நான் பனியாயிக்கிறேன். எங்கிட்ட மாவுக்கா பஞ்சம்?"

திரும்பும் வழியில் நான் சொன்னேன், "நல்லா மடக்கி ஓடையில தள்ளு. மனசு ஆறும்."

"தள்ளறதுக்கு இல்ல. அவன்கிட்ட ஒண்ணு கேக்கணும்."

"மாவு பூசின ரான்டல்யா அது."

"தெரியும்," என்றான்.

மே முதல் தேதி வெயில் நன்றாக விழுந்திருந்தது. ஹாமோவின் தலையில் வெள்ளைமுள் பூ, தோளில் இலைக்கொடி. செத்த மரத்தில் யாரோ மாலை போட்டதுபோல் இருந்தான். விதைப்பு முடிந்து ஊரே கவலையோடு வந்திருந்தது. முந்தின வருஷ விளைச்சலில் பாதி எலிக்கும் ஈரத்துக்கும் போயிருந்தது. வேனில் தோற்கக்கூடாது என்று எல்லோர் முகத்திலும் எழுதியிருந்தது.

ரான்டலுக்குச் சொந்த அடி கட்டத் தெரியாது. ஹாமோவின் பழைய அடிகளையே சொன்னான். அவை ஊருக்கே மனப்பாடம். ஹாமோ முதல் அடிக்குப் பதில் சொன்னான்:

"மொட்டை மரத்துக்கு முக்காடு முடைந்தேன், முள்ளும் மலர்ந்தது."

நல்ல அடி. கரை மூச்சு விட்டது. அடுத்ததற்கும் சொன்னான், குரல் இறங்கியிருந்தது. ரான்டலுக்கோ உற்சாகம் ஏறிவிட்டது. வாழ்க்கையில் முதல்முறையாக அவனுக்கு வாயில் தட்டுத்தடங்கல் இல்லை. எங்கே நிறுத்த வேண்டும் என்பது அவனுக்கு எப்படித் தெரியும்? அன்றைக்குக் கதவோரத்தில் கேட்டதை அப்படியே இழுத்துப் பாடினான்.

"பட்டி பிரிந்ததைப் பனியால் பொத்தினேன், பசி போயிற்று."

சொல்லி முடித்த பிறகுதான் அவனுக்கே உறைத்தது. மாவுக்குள் கண் மட்டும் பெரிதாகியது.

ஹாமோ பேசவில்லை. கொம்பு என் கையில் இருந்தது. வாயில் வைத்தேன், ஊதவில்லை. கிழவர்கள் என்னைப் பார்த்தார்கள். முறைப்படி நான் அப்போதே ஊதியிருக்க வேண்டும். பெண்கள் கூட்டத்திலிருந்து இடோனியின் குரல் வந்தது. "ஏதாவது சொல்லுய்யா." மோதலில் பெண்கள் குரல் கொடுக்கும் வழக்கம் இல்லை. ஒருவரும் அவளை அடக்கவில்லை.

ஹாமோ நாலு அடி முன்னால் போய் ரான்டலின் வைக்கோல் தாடிக்கு நேரே நின்றான். பாட்டாக இல்லாமல், வேலியோரம் ஒருவரையொருவர் பார்த்தால் விசாரிப்பதுபோல் கேட்டான்.

"நீ அங்கதான இருந்த. அந்தப் புதருக்கிட்ட. எம்மவ என்னைக் கூப்பிட்டாளா?"

ரான்டலுக்கு வாய் திறந்தது. ஒன்றும் வரவில்லை. அவனுக்கும் இரண்டு மகள்கள்.

"கோவமா கேக்கல. கூப்பிட்டாளா, தூங்கிட்டாளா, அத மட்டும் சொல்லு."

 நான் கொம்பை ஊதினேன். எவ்வளவு நேரம் ஊத முடியுமோ அவ்வளவு நேரம் ஊதினேன். மூச்சு முடிந்தது. பனிராசா பதில் சொல்லவில்லை.

ஆக வேனில்ராசா ஜெயித்தார். தள்ள யாரும் போகவில்லை. ரான்டல் தானே ஓடைக்குள் இறங்கி இடுப்பளவு தண்ணீரில் நின்று முகத்தைக் கழுவினான். வெள்ளை கரைந்து போய்க்கொண்டிருந்தது. ஹாமோ கரையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தான்.

"சொல்லாமப் போறியே," என்றான்.

இடோனி வந்து அவன் தலையிலிருந்த பூவை எடுத்துவிட்டு வீட்டுக்குக் கூட்டிப் போனாள்.

அந்த வருஷம் பார்லி நன்றாக வந்தது. இதுவரை வேனில் இப்படி ஜெயித்ததில்லை என்று ஊர் சொன்னது. அடுத்த வருஷங்களில் வேறு ஆட்கள் வேடம் கட்டினார்கள். அந்தக் கடைசி அடியை யாரும் வாயில் எடுப்பதில்லை. ரான்டல் அதன்பின் ஹாமோவின் மூட்டையிலிருந்து மட்டும் அரைப்புக்கூலியான மில்பங்கை எடுக்கவே இல்லை. ஹாமோ பாட்டுக் கட்டுவதை விட்டான், ஆடு மேய்ப்பதை விடவில்லை. அன்று உயிரோடு எழுந்த அந்த ஆட்டை விற்கவும் விடவில்லை, அறுக்கவும் விடவில்லை. அது கிழடாகிச் செத்தது.

போன இலையுதிர்காலத்தில் நாங்கள் இருவரும் மேட்டு வேலியைச் செப்பனிட்டுக்கொண்டிருந்தோம். அவனுக்கு இருமல் தொடங்கியிருந்தது. வெங்காயமும் பட்டாணி ரொட்டியும் தின்ன உட்கார்ந்தபோது எதிரே அந்த வெள்ளைமுள் புதர். அவ்வளவு வருஷமாக வாயில் வைத்திருந்ததை அன்றைக்குக் கேட்டுவிட்டேன்.

"அதுக்கு உனக்குப் பதில் கெடச்சுதா ஹாமோ?"

வழக்கம்போல் அரை வயல் நேரம் எடுத்துக்கொண்டான். ரொட்டியில் இருந்த உமியை எடுத்துப் போட்டான்.

"பதில் எனக்கு முன்னாடியே தெரியும்யா. கூப்பிட்டிருப்பா. கூப்பிடாத பிள்ளையா அது? நான்தான் அங்க சத்தமாப் பாடிட்டிருந்தேன்."