இதில் எது இரண்டாவது விரல்?

பட்டுப்பாவாடைக்குக் கீழே கான்வாஸ் ஷூ போட்டுக்கொண்டு, அதற்குள் கால் வியர்த்து நசநசக்க, தாம்பரத்துக் கல்யாண மண்டபம் ஒன்றில் அத்தையின் திருமணத்தைப் பார்த்து நின்றபோது எனக்கு ஒன்பது வயது. என் வலது காலில் பெருவிரலை ஒட்டி இன்னொரு விரல் உண்டு, அத்தைக்கும் அப்படியே. வீட்டில் அதற்கு ‘ஒட்டுவிரல்’ என்று பெயர். கோடை விடுமுறை வந்தாலே, ஆபரேஷன் செய்து எடுத்துவிடலாம் என்று அம்மா ஆரம்பிப்பார். “என் தங்கச்சி கல்யாணம் எப்படி நடக்குதுன்னு பார்த்துட்டு முடிவு பண்ணலாம்” என்று அப்பா தள்ளிப்போடுவார். ஆகவே அந்தக் கல்யாணத்தில் என் விரலின் தலையெழுத்தும் அடங்கியிருந்தது.

எப்போதும் ‘கட் ஷூ’வுக்குள் ஒளித்தே வைத்திருந்த காலை அத்தை அம்மிமேல் வைத்தார். வீடியோக்காரர் அதைக் கிட்டத்தில் பிடிக்க, சாப்பாட்டுக் கூடத்து டி.வி.யில் பெரிதாகத் தெரிந்ததாம். ரசம் ஊற்றியவர் கரண்டியோடு நின்றுவிட்டாராம். “ரெண்டாவது விரல்ல மெட்டி போடுங்கோ” என்றார் ஐயர். பம்மல் மாப்பிள்ளைக்கு விஷயம் முன்பே தெரியும், ஆனாலும் குனிந்தவர் மெட்டியோடு நிமிர்ந்து, “ஐயரே, இதுல ரெண்டாவது எது?” என்று கேட்டார்.

ஐயர் மந்திரத்தை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார். வரிசைப்படி எண்ண வேண்டும் என்றார் ஒருவர். பெருவிரல் இரட்டை, அதை ஒன்றாகத்தான் கொள்ள வேண்டும் என்றார் இன்னொருவர். மாப்பிள்ளையின் பெரியப்பா, “நல்ல நேரம் போய்கினே கீது. இன்னாத்துக்குப் பேஜாரு, ரெண்டுலயும் போட்டு வுடு” என்றார். அத்தை அழுதுவிடுவார் என்று நான் பயந்தேன். அவரோ தன் காலையே புதிதாகப் பார்ப்பவர் போலக் கொஞ்சநேரம் பார்த்துவிட்டு, “ஒட்டுவிரல்ல போட்டா நடக்கறப்ப இடிக்கும். அதுக்கு அடுத்ததுல போடுங்க” என்றார். மாப்பிள்ளை ஒவ்வொரு விரலாகத் தொட்டு, “இதுவா? இதுவா?” என்று கேட்டுக் கேட்டுப் போட்டார். நான் தூணோரம் உட்கார்ந்து, ஷூவைக் கழற்றி, என் காலில் அந்த விரலைத் தேடிப் பார்த்துக்கொண்டேன். அதன்பிறகு அம்மா ஆபரேஷன் பேச்சையே எடுக்கவில்லை.

இப்போது மேடவாக்கத்தில் இருக்கிறேன். என் மெட்டியும் ஒட்டுவிரலுக்கு அடுத்த விரலில்தான். போன மாதம் மகள் பிறந்தாள். “விரலெல்லாம் சரியா இருக்கு” என்று நர்ஸ் சொன்னதும் அம்மாவுக்கு முகமெல்லாம் சிரிப்பு. எனக்கும் நிம்மதிதான், கூடவே, எங்கள் வீட்டில் ஏதோ ஒன்று இத்தோடு முடிந்துவிட்டதே என்றும் இருந்தது. பார்க்க வந்த அத்தை, குழந்தையின் வலது பாதத்தை உள்ளங்கையில் வைத்து மெதுவாக எண்ணினார். ஐந்தில் முடிந்தது. மறுபடியும் முதலிலிருந்து எண்ணினார்.