டைலரம்மா பெஞ்சு

டைலரம்மாவின் வாய்க்கு இருந்த சுறுசுறுப்பில் கால்வாசி அவளுடைய முட்டிக்கு இருந்திருந்தால் இந்தக் கதையே இருந்திருக்காது.

முட்டியைக் குற்றம் சொல்லவும் முடியாது. சீருடை தைக்கும் கடையில் துணி வெட்டும் வேலை அவளுக்கு. தைப்பவர்களுக்காவது நாற்காலி உண்டு. வெட்டுபவர்களுக்கு ஏது? நீள மேஜையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டே வெட்ட வேண்டும். கல்யாணமாகி, பிள்ளை பெற்று, அந்தப் பிள்ளையும் கல்யாணமாகி வேறு ஊருக்குப் போன பிறகும் டைலரம்மா கால் கடுக்க நின்றுகொண்டேதான் இருந்தாள். கடைசியில் இரண்டு முட்டிகளும் சொல்லிவைத்தாற்போல ஒன்றாக மக்கர் பண்ணின. கடையை விட்டு வந்தபோது அவள் கையோடு கொண்டுவந்தது ஓர் இஞ்ச் டேப் மட்டும்தான். அது கைப்பையில் இல்லாமல் அவள் வாசல் தாண்டியதில்லை.

தடியை ஊன்றிக்கொண்டு மெதுவாக நடந்துவிடுவாள். உட்காருவதும் ஆகிவிடும். எழுந்திருப்பதுதான் வில்லங்கம். நாத்தனார் புது வீடு கட்டிக் கூப்பிட்டிருந்தாள். போன இடத்தில் ஒரு சோஃபா. பஞ்சுமூட்டை மாதிரி இருக்கிறதே என்று ஆசையாக உட்கார்ந்தாள். கிளம்பும் நேரத்தில் எழுந்திருக்க முடியவில்லை. ஒருவர் கையைப் பிடிக்க, ஒருவர் முதுகைத் தள்ள, நாத்தனாரின் வீட்டுக்காரர் "கிரேன் வரச் சொல்லட்டுமா?" என்று கேட்க, கூடமே சிரித்தது. டைலரம்மாவும் கூடச் சிரித்தாள். வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அதன்பிறகு யார் கூப்பிட்டாலும் போகவில்லை. போகிற இடத்தில் என்ன நாற்காலி இருக்குமோ, யாருக்குத் தெரியும்? மாதக்கணக்கில் வீட்டுக்குள்ளேயே கிடந்தாள். ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்ப்பதும், போகிறவர் வருகிறவரின் சட்டைத் தையலைக் குறை சொல்வதுமாகப் பொழுது போனது.

அவள் வீட்டுக்காரர் தச்சர். ஊர் எல்லையில் ஏரியைச் சுற்றிக் கிடக்கும் காப்புக்காட்டில் வேலை. நடைபாதைப் படிகள், கைப்பிடி, ஓடைமேல் மரப்பாலம், பெஞ்சு என்று மரத்தால் ஆனதெல்லாம் அவர் பொறுப்பு. மனைவி பேசுகிற பேச்சில் தன் பங்கும் அடங்கிவிடுகிறது என்று நினைத்தாரோ என்னவோ, மனிதர் வாயைத் திறப்பதே அபூர்வம்.

ஒருநாள் சமையலறையில் அவள் உயரமான முக்காலியிலிருந்து எழுந்து அடுப்பை அணைத்ததைப் பார்த்தார். அந்த வீட்டில் யார் துணையும் இல்லாமல் அவளால் எழுந்திருக்க முடிந்த ஒரே இருக்கை அதுதான். அவளுடைய டேப்பையே எடுத்து முக்காலியை அளந்தார்.

"என்ன, முக்காலிக்குச் சட்டை தைக்கப் போறீங்களா?"

"ம்," என்றார்.

இருபது அங்குலம் இருந்தது. அடுத்த வாரமே ஏரிக்கரையில், வாசல் கேட்டுக்குப் பக்கத்தில், ஒரு பெஞ்சு முளைத்தது. கெஞ்சிக் கூத்தாடி அவளை அங்கே அழைத்துப் போனார். உட்கார்ந்தாள். தண்ணீரைப் பார்த்தாள். பிறகு, தடியைத் தொடாமல், தானே எழுந்தாள். மறுபடி உட்கார்ந்து மறுபடி எழுந்தாள். பார்த்தவர்கள் இந்தம்மாவுக்கு என்ன ஆச்சு என்று நினைத்திருப்பார்கள். அன்றைக்கு அவளுக்கிருந்த சந்தோஷம் அவளுக்குத்தான் தெரியும்.

அதிலிருந்து தினமும் சாயங்காலம் டைலரம்மா அங்கே ஆஜர். அந்தப் பெஞ்சைத் தாண்டி அவள் போனதில்லை. காட்டுக்குள்ளே இன்னும் நிறையப் பெஞ்சுகள் இருந்தன, எல்லாம் அவர் செய்தவைதான். ஆனால் அவையெல்லாம் ஆபீஸ் கொடுத்த அளவு, நமக்கு ஆகாது என்று அவளே முடிவு கட்டிவிட்டாள்.

இதற்கிடையில் ஊருக்கே நடைப் பைத்தியம் பிடித்தது. முன்பெல்லாம் ஏரிப் பக்கம் தூண்டில் போடுகிற நாலு பேர் வருவார்கள். இப்போது ஆபீஸ் விட்டதும் நேரே காட்டுக்குத்தான். இரண்டு கையிலும் ஊன்றுகோலோடு நடக்கிறவர்கள், கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே ஓடுகிறவர்கள், முதுகில் கூடாரத்தைச் சுமந்து வருகிறவர்கள், காற்றடைத்த படகைத் தலைமேல் தூக்கி வருகிறவர்கள். டைலரம்மாவுக்கு நேரம் போனதே தெரியவில்லை.

"நடக்கறதுக்கு எதுக்கும்மா கால்சட்டையில எட்டு பாக்கெட்? வழியில கடை போடப் போறியா?" என்று ஒரு பெண்ணைப் பிடித்துக் கேட்டாள். அந்தப் பெண் சிரித்துவிட்டு, அறுந்துபோன தோள்பை வாரைக் காட்டினாள். டைலரம்மா பையிலிருந்து ஊசி நூலை எடுத்து அங்கேயே தைத்துக் கொடுத்தாள். விஷயம் பரவிவிட்டது. வார் அறுந்தவர்கள், பித்தான் போனவர்கள், ஜிப் சிக்கிக்கொண்டவர்கள் எல்லாரும் டைலரம்மா பெஞ்சைத் தேடி வந்தார்கள். காத்திருந்த நேரத்தில் கரையில் இறங்கி, நாணல் ஓரமாக நின்று, சூரியன் மறைவதோடு சேர்த்துப் படம் எடுத்துக்கொண்டார்கள். படத்தைப் பார்த்து இன்னும் நாலு பேர் வந்தார்கள்.

ஒருநாள் இரண்டு இளைஞர்கள் பேசிக்கொண்டு போனது அவள் காதில் விழுந்தது. "இந்தக் காட்டுல பெஞ்செல்லாம் யாருடா செஞ்சது? அளவே தெரியாத ஆளு போல."

டைலரம்மாவுக்குச் சுருக்கென்றது. வீட்டுக்கு வந்து தச்சரை ஒரு பிடி பிடித்தாள். "துணியில அரை அங்குலம் தப்பா வெட்டினா மொத்தமும் பாழ். நீங்க என்னடான்னா ஊர் சிரிக்கிற மாதிரி பெஞ்சு பண்ணி வச்சிருக்கீங்க. எனக்கு மட்டும் ஒழுங்கா பண்ணத் தெரிஞ்சுதே?"

"எனக்குத் தெரிஞ்ச அளவு அவ்வளவுதான்," என்று தட்டைக் கழுவப் போய்விட்டார். மாதம் ஒருமுறையாவது இந்தப் பாட்டு நடக்கும். அவரும் அதே பதிலைச் சொல்வார்.

காப்புக்காட்டுக்குப் புதிதாக வந்திருந்த அதிகாரிப் பெண் ஒருநாள் டைலரம்மாவுக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். ஆள் குள்ளம். கால் தரையில் எட்டாமல் தொங்கியது.

"அம்மா, அந்த நாணல்ல ஒரு ஜோடி முக்குளிப்பான் பறவை சுத்துது, பாத்தீங்களா?"

"பாக்காம? வாயில பாசியக் கவ்விக்கிட்டுப் போறதும் வர்றதுமா ஒரே வேலை. கூடு கட்டுதுங்க."

"போன ரெண்டு வருஷமும் கட்டிச்சாம். ரெண்டு தடவையும் பாதியில விட்டுட்டுப் போயிடுச்சாம். நாணலை மிதிச்சு மிதிச்சு, தண்ணி வரைக்கும் பாதையே விழுந்துடுச்சு பாருங்க."

பார்த்தாள். பெஞ்சின் காலடியிலிருந்து தண்ணீர் வரைக்கும் புல் பூண்டு இல்லாமல் வழுக்கைத்தலை மாதிரி ஒரு பாதை. தினமும் பார்த்ததுதான். இன்றைக்குத்தான் கண்ணில் பட்டது.

"கயிறு கட்டுங்களேன்."

"கட்டினேன். ஈரத் துண்டைக் காயப் போட்டாங்க."

"போர்டு?"

"போர்டோட சேந்து நின்னு போட்டோ எடுத்துக்கிட்டாங்க." அதிகாரிப் பெண் சிரிக்கவில்லை. "வர்றவங்க நல்லவங்கதாம்மா. காடு பிடிச்சுதான் வர்றாங்க. ஆனா பெஞ்சைப் பாத்தா நிக்கறாங்க, நின்னா இறங்கறாங்க. அதுல பாதிக் கூட்டம் உங்களுக்காகவே நிக்குது. இந்தப் பெஞ்சை எடுத்துடலாம்னு இருக்கேன். உங்ககிட்ட சொல்லாம எடுக்க மனசு வரல."

நாணலுக்குள்ளிருந்து அந்தப் பறவை எட்டிப் பார்த்து, சட்டென்று முங்கிப்போனது.

"எடுத்துக்கோம்மா," என்றாள் டைலரம்மா.

அந்த நல்லகுணமெல்லாம் வீடு வரைக்கும்தான். வாசலிலேயே தச்சரைப் பிடித்துக்கொண்டாள். "யார் கழட்டப் போறது? நீங்கதானா?"

"என் வேலைதானே."

"அப்ப நான் எங்க போய் உக்கார்றது? திரும்பவும் இந்த ஜன்னல்லயேவா?"

"காட்டுல வேற பெஞ்சே இல்லையா?"

"இருக்கே, அளவு தெரியாத ஆளு செஞ்ச பெஞ்சு. நடுக்காட்டுல உக்காந்துட்டு எழுந்திரிக்க முடியாமக் கிடக்கவா? ஒரு தடவை சிரிச்சது போதாதா?"

தச்சர் தலையைச் சொறிந்தார். "போய் உக்காந்துதான் பாரேன்," என்றார். இவ்வளவுதானா நம்மேல் அக்கறை என்று அவளுக்கு வயிறு எரிந்தது. இரண்டு நாள் பேச்சை நிறுத்தினாள். அவருக்கு அது ஒன்றும் கஷ்டமாக இருந்ததாகத் தெரியவில்லை. அவளுக்குத்தான் வாய் நமநமத்தது.

பெஞ்சு போயிற்று. டைலரம்மா ஜன்னலுக்குத் திரும்பினாள். இனி போகமாட்டேன் என்று ஒற்றைக்காலில் நின்றாள் என்று சொல்லலாம், இரண்டு காலிலேயே நிற்கமுடியாதவளை எப்படிச் சொல்வது? தச்சர் வேலைக்குக் கிளம்பும்போது அவளை ஒருதரம் பார்ப்பார். அவள் தெருவைப் பார்ப்பாள்.

அந்த எட்டுப் பாக்கெட்டுப் பெண்தான் வீட்டைத் தேடிக்கொண்டு வந்தாள், இன்னொரு வாரோடு. தைத்து வாங்கிக்கொண்டே சொன்னாள்: "அந்தப் பறவை முட்டை வச்சிடுச்சாம்மா. கரையில யாருமே நிக்கறதில்லை இப்ப. பாலத்துக்கு அந்தப் பக்கம் போனா, எதிர்க்கரையிலேருந்து கூடு தெரியுதாம். நீங்க பாக்கலையா?"

"நான் எங்க போறது?" என்றாள். அந்தப் பெண் போனபிறகு மனசு கிடந்து அடித்துக்கொண்டது. என் பெஞ்சைக் கொடுத்து வாங்கின முட்டை, நான் பார்க்காமல் யார் பார்ப்பது? தடியை எடுத்தாள். உட்காரவே கூடாது, நின்றபடி பார்த்துவிட்டு வந்துவிட வேண்டும் என்று தீர்மானம்.

பழைய இடத்தைத் தாண்டினாள். வழுக்கையில் பச்சை துளிர்த்திருந்தது. அதுவரை கால் வைக்காத பாதையில் நடந்தாள். மரநிழல், நல்ல காற்று. வீம்புக்காக இத்தனை நாள் வராமல் இருந்தோமே என்று தோன்றியது. ஆனால் முதல் வளைவு தாண்டுவதற்குள் முட்டிகள் கெஞ்ச ஆரம்பித்தன. இரண்டாவது வளைவில் கண்ணில் நீர் முட்டியது. அங்கே ஒரு பெஞ்சு. வேறு வழியில்லை. உட்கார்ந்துவிட்டாள்.

உட்கார்ந்தபிறகுதான் பயம் வந்தது. முன்னும் பின்னும் பார்த்தாள். தூக்கிவிட ஒரு ஈ காக்கை இல்லை. சோஃபாவும் கிரேனும் ஞாபகம் வந்து உடம்பு வேர்த்தது. வருவது வரட்டும் என்று கையை ஊன்றி எழுந்தாள்.

எழுந்துவிட்டாள்.

நம்பிக்கை வரவில்லை. ஒருவேளை தரை மேடாக இருக்குமோ? கைப்பையிலிருந்து டேப்பை எடுத்து நீட்டிப் பார்த்தாள். இருபது அங்குலம். தப்பா வெட்டினதுல ஒண்ணு சரியா அமைஞ்சிடுச்சு போல என்று சொல்லிக்கொண்டு நடந்தாள். அடுத்த வளைவில் இன்னொரு பெஞ்சு. இந்தத் தடவை உட்காருவதற்கு முன்பே அளந்தாள். இருபது. பாலத்துக்குப் பக்கத்தில் இருந்ததை இரண்டு தடவை அளந்தாள். அதுவும் இருபது. பாதையில் ஓடிவந்த ஒருவர், பெஞ்சுக்கு அளவெடுக்கும் அம்மாவைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார்.

எதிர்க்கரையில் தச்சர் மண்ணைக் கெட்டிப்படுத்திக்கொண்டிருந்தார். பக்கத்தில் அவளுடைய பழைய பெஞ்சு, தண்ணீரைப் பார்த்தாற்போல. அவளைக் கண்டதும் நிமிர்ந்தார். டைலரம்மா நேரே போய் அதையும் அளந்தாள். பிறகு உட்கார்ந்தாள்.

"எல்லாமே இருபதா?"

"ம்."

"ஆபீஸ் அளவுன்னு ஒண்ணு கொடுப்பாங்களே?"

"கொடுத்தாங்க. தாழ்வா இருந்துச்சு. ஒவ்வொண்ணுக்கும் காலை மாத்திட்டேன்."

"ஒரு பெஞ்சு போதாதா எனக்கு? காடு முழுக்க எதுக்கு?"

தச்சர் கையிலிருந்த மண்ணைத் தட்டினார். "நீ எந்தப் பக்கம் வருவேன்னு எனக்கு எப்படித் தெரியும்?"

அவளால் தாங்கமுடியவில்லை. முந்தானை, கைக்குட்டை என்று ஒன்றும் தேடாமல் அப்படியே உட்கார்ந்து அழுதாள். மாதாமாதம் அவரைத் திட்டினதெல்லாம் வரிசையாக ஞாபகம் வந்தது. "நான் அந்தத் திட்டு திட்டினப்பவாவது சொல்லித் தொலைச்சிருக்கலாமே?"

"நீ வந்து உக்காந்து பாத்துட்டுத் திட்டுவேன்னு இருந்தேன்," என்று அவரும் பக்கத்தில் உட்கார்ந்தார்.

எதிரே நாணல் ஓரத்தில் பாசிமேட்டின்மேல் பறவை அசையாமல் அடைகாத்துக்கொண்டிருந்தது. இவ்வளவு தூரத்தில் அது விரல்நகம் அளவுதான் தெரிந்தது. டைலரம்மா மூக்கைத் துடைத்துக்கொண்டு, டேப்பைச் சுருட்டிப் பைக்குள் போட்டாள்.

"ஏங்க, அந்த அதிகாரிப் பொண்ணுக்குக் கால் எட்டலைங்க. பாவம், தொங்குது. அவளுக்கு ஒண்ணு தாழ்வா பண்ணுங்க."

"அளவு?"

"நாளைக்கு வரும்போது எடுத்துத் தர்றேன்," என்றாள்.