உடைக்காத அடுப்பு

ஆற்றங்கரையில் அவளுக்குப் பெயர் கறார் அண்ணி. கொழுந்தன் கேலியாக வைத்தது, ஊர் முழுக்க ஒட்டிக்கொண்டது. ஒரு வேலையை அரைகுறையாக விட்டால் அவளுக்குச் சோறு இறங்காது.

அந்தக் கரைச் சனம் எத்தனை தலைமுறையாக அங்கே இருக்கிறதென்று ஆற்றைத்தான் கேட்க வேண்டும். வெள்ளம் வருமுன் மூங்கில் வீடுகளைப் பிரித்துக்கொண்டு மேட்டுக்குப் போவார்கள். வடிந்ததும் இறங்கி வண்டலில் விதைப்பார்கள். ஒரு குச்சியைக்கூட விட்டுவிட்டுப் போகக் கூடாது. மிதந்து போய்க் கீழ்க்கரைக்காரன் படகைக் கிழிக்குமே!

இதில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை. புருஷன் செத்துப்போன பிறகும் தனியாளாகப் பிரித்து, குழி மூடி, பெருக்கிவிட்டுத்தான் படகேறுவாள். பக்கத்து நிலத்துக் கொழுந்தனோ மகா சோம்பேறி.

"அந்தக் கல் அடுப்பையாவது கலைச்சுட்டு வாயேன்டா!"

"வந்து மறுபடி கட்டணுமே அண்ணி. கிடந்துட்டுப் போகட்டும்."

அந்த வருஷம் தண்ணீர் வடிந்து, சனம் மேட்டிலிருந்து இறங்குமுன் நில அளவைக்காரர்கள் வந்துவிட்டார்கள். குடியிருந்த அடையாளம் இருந்தால் நிலம் குடியானவனுக்கு, இல்லாவிட்டால் தரிசென்று சர்க்கார் எடுத்து யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்கும். கொழுந்தன் நிலத்தில் அடுப்பு நின்றது. அவளுடையது கழுவிவைத்த தட்டு மாதிரி கிடந்தது. ஒழுங்காகப் பிரித்துப்போன அத்தனை பேர் கதியும் அதுதான்.

அதிகாரியிடம் ஓடினாள்.

"ஐயா, நான் வாழ்க்கைப்பட்டு வந்த இடம் அது."

"இருந்ததுக்கு என்னம்மா அடையாளம்?"

"ஒண்ணையும் விட்டுட்டுப் போறதில்லீங்களே. அதானே எங்க முறை."

"அப்புறம் நான் என்னம்மா பண்ணட்டும்?"

அநியாயம்! நிலம் கரும்புக் கம்பெனிக்குப் போனது. கறார் அண்ணி கொழுந்தன் வயலில் கூலிக்குக் களை பறித்தாள். அவன் தலை குனிந்துகொண்டுதான் கூலி கொடுப்பான். அதுவே அவளுக்கு வயிற்றெரிச்சலாக இருந்தது.

மறு வெள்ளம் வந்தது. கை சும்மா இருக்குமா? அரிவாளோடு வந்து, திட்டிக்கொண்டே அவன் வீட்டைப் பிரித்துப் படகில் அடுக்கினாள். அவன் அடுப்புக் கல்லைப் பெயர்க்கக் குனிந்தான்.

"தொடாதே! அது இருக்கட்டும்."

"நீங்களா சொல்றீங்க, அண்ணி?"

"நான்தான்டா. கறாரா இருந்து நான் என்னத்தைக் கண்டேன்?"

படகு மேட்டை நோக்கித் திரும்பியது. அவள் நிலத்தில் கம்பெனி நட்ட வேலிக் கம்பங்கள் இடுப்பளவுத் தண்ணீரில் வரிசையாக நின்றன. அவற்றைப் பிடுங்க யாரும் வரவில்லை.