மூன்றாவது குடுக்கை

இது நடந்தது. நாளும் மணியும் அப்படியே தந்திருக்கிறேன். நம்பாதவர்கள் பாரிஸில் லா சப்பலுக்குப் போய்க் கேட்கலாம். ரூ காய் என்ற தமிழ்க் கடைத்தெருவிலிருந்து இரண்டு தெரு தள்ளி ஒரு மெக்சிக்கோச் சாப்பாட்டுக் கடை. முதலாளி கிரிகோரி, புதுச்சேரிக்காரர். சமையற்காரன் துஷ்யந்தன், யாழ்ப்பாணத்தான். தினமும் பதினொன்றரைக்கு அங்கே வேலையாட்கள் சாப்பிடுவார்கள். முன்பு துஷ்யந்தன் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லிச் சாப்பிடக் கூப்பிடுவான். இப்போது கூப்பிடுவதில்லை. அகப்பையால் சட்டி விளிம்பில் இரண்டு தரம் தட்டுவான். புதிதாகச் சேர்ந்தவர்கள் சிரிப்பார்கள். அவன் சிரிப்பதில்லை.

2018 நவம்பர் 11, ஞாயிற்றுக்கிழமை. துஷ்யந்தன் பாரிஸுக்கு வெளியே ஸ்தேனுக்குப் போனான். அங்கே நான்காம் மாடியில் கோசலை இருக்கிறாள். அவனுடைய தம்பி பிருந்தாபனின் மனைவி. பிருந்தாபன் 2009 மே மாதம் வன்னியில் காணாமற் போனவன். உடல் இல்லை. கண்டவர் இல்லை. செத்தவருக்குச் செய்யும் எட்டுச் செலவு, அந்தியேட்டி எதுவும் செய்யவில்லை. செய்தால் செத்துவிட்டான் என்று ஒப்புக்கொண்டதாகிவிடும். கோசலை நெற்றியில் பொட்டு இருந்தது. ஒன்பது வருடமாக அதை அவள் வைப்பதா அழிப்பதா என்று தெரியாமல் வைத்துக்கொண்டிருந்தாள்.

"அத்தான், ஒரு சொல் சொல்லுங்கோ. இருக்கிறாரோ, இல்லையோ. நீங்கள்தான் மூத்த ஆள். நீங்கள் சொன்னா நான் ஏற்கிறன்."

"மெக்சிக்கோ போயிட்டு வந்து சொல்லுறன்."

"நீங்கள் எப்பவும் எங்கையோ போயிட்டு வந்துதான் சொல்லுறியள்."

தேநீர் ஆறிப்போயிருந்தது. அவன் அதைக் குடித்தான்.

மெக்சிக்கோப் பயணம் கிரிகோரியின் யோசனை. கடையில் மெஸ்கால் விற்பனை கூடியிருந்தது. மெஸ்கால் என்பது அந்த ஊர்ச் சாராயம். வஹாக்கா மலைக் கிராமங்களில் பழைய முறையில் வடிக்கிறார்கள். கிரிகோரி வடிசாலை வடிசாலையாகப் போய்க் குடித்துப் பார்த்து வாங்க விரும்பினார். துஷ்யந்தன் சாப்பாட்டை ருசி பார்க்க வேண்டும்.

"நான் குடிக்கிறேன், நீ சாப்புடு. வேலையைப் பிரிச்சாச்சு," என்றார்.

"உங்கட வேலை கஷ்டம், பத்ரோன்." கடையில் முதலாளியை அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"கஷ்டந்தான். யாருக்குத் தெரியுது?"

இருவர் மட்டும் போனார்கள். கார் ஓட்டியதும் ஸ்பானிஷ் பேசியதும் கிரிகோரி. வழியில் வேறு யாரையும் ஏற்றவில்லை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வழியெல்லாம் ஆனைக்கற்றாழை. யாழ்ப்பாணத்தில் வேலிக்கு வைப்பது. இங்கே ஓலைகளை வெட்டித் தள்ளிவிட்டு நடுக்கிழங்கை எடுக்கிறார்கள். குழி வெட்டி, விறகு எரித்து, கல்லைச் சூடாக்கி, அதன்மேல் கிழங்கை அடுக்கி, மண்ணால் மூடிவிடுகிறார்கள். நாலைந்து நாள் மண்ணுக்கடியில் வேகும். பிறகு செக்குப் போன்ற கல்லில் குதிரை கட்டி நசுக்குவார்கள். மரத்தொட்டியில் புளிக்கும்போது கள்ளு மணம் வரும். வெந்த கிழங்கில் ஒரு துண்டு கொடுத்தார்கள். சுட்ட பனங்கிழங்கை வெல்லப் பாணியில் தோய்த்தது போல் இருந்தது. கிரிகோரி கண்ணை மூடிக்கொண்டு சப்பினார். துஷ்யந்தன் நார் மிஞ்சும்வரை மென்றான். துப்பினான். நல்லதா என்று கேட்டார். நல்லது என்றான். அவனுக்கு எதுவும் பெரிதாகத் தோன்றவில்லை. பல வருடமாக அப்படித்தான்.

நவம்பர் 15, காலை 11:20. சந்தையில் ஒரு பெண் வறுத்த வெட்டுக்கிளி விற்றாள். உப்பு, மிளகாய், தேசிக்காய்ப் புளி. மூன்று தட்டு வைத்தாள்.

கிரிகோரி இரண்டு விரலைக் காட்டினார். அவள் துஷ்யந்தனின் தோளுக்குப் பின்னால் பார்த்தாள். தட்டை எடுக்கவில்லை.

"உன் மூஞ்சியைப் பாத்தா ரெண்டு ஆள் தீனி திம்பேன்னு தெரியுது போல," என்றார் கிரிகோரி.

நவம்பர் 17, பிற்பகல் 1:45. இரண்டாவது வடிசாலை. வீட்டுப் பெண் முக்காலிகளைக் கொண்டுவந்து போட்டாள். மூன்று. மூன்றாவதைத் துஷ்யந்தனுக்குப் பக்கத்தில், முட்டுகிற மாதிரிப் போட்டாள். கிரிகோரி அதில் தொப்பியை வைத்தார்.

"தொப்பிக்கும் சீட்டு. மரியாதை தெரிஞ்ச ஊரு."

தொப்பி விழுந்தது. எடுத்து வைத்தார். மறுபடியும் விழுந்தது.

காற்று இல்லை. கிரிகோரி தொப்பியைத் தலையில் போட்டுக்கொண்டார்.

நவம்பர் 19, திங்கட்கிழமை, பிற்பகல் 3:10. மலை உச்சியில் ஒரு கிழவரின் வடிசாலை. நல்ல வெயில். முற்றத்தின் நடுவில் மூடிய குழி. மண்ணை இடுப்புயரத்துக்குக் குவித்திருந்தார்கள். மேட்டிலிருந்து ஆவி வந்தது. அப்படிக் குவித்து மூடிய மண்ணைத் துஷ்யந்தன் 2009இல் தொலைபேசித் திரையில் நிறையப் பார்த்திருக்கிறான். அப்போது ஒவ்வொன்றையும் நிறுத்தி நிறுத்திப் பார்த்தான். ஒரு முகம் தெரிகிறதா என்று.

கிழவர் சுரைக்குடுக்கைகளை வைத்தார். ஊரில் சிரட்டையில் குடிப்பது போல, இங்கே சுரைக்குடுக்கை. உயரத்திலிருந்து ஊற்றினார். முத்து முத்தாக நுரை எழுந்தது.

மூன்று குடுக்கை.

கிரிகோரி இரண்டு விரலைக் காட்டினார். கிழவர் தலையாட்டி மறுத்தார். மண்மேட்டைப் பார்த்து ஏதோ அதட்டினார். சிறுபிள்ளையை அதட்டுகிற குரல்.

"என்னவாம்?" என்றான் துஷ்யந்தன்.

கிரிகோரி மேட்டைப் பார்த்தார்.

"மேட்டு மேல உக்காராதேங்குறாரு. அடியில நெருப்பு இருக்குதாம்."

"ஆருக்குச் சொல்லுறார்?"

"...உங்கூட வந்தவனுக்கு."

கிழவர் மறுபடியும் பேசினார். இப்போது துஷ்யந்தனிடம்.

"வெறுங்காலோட இருக்கானாம். கால் வெந்துடும், இறங்கச் சொல்லுங்குறாரு. துஷி, வா, போயிடலாம்."

கிழவர் தன் இடக்கையைத் தூக்கினார். சின்ன விரலைப் பாதியாக மடக்கிக் காட்டினார். மேட்டைக் காட்டினார்.

பிருந்தாபனுக்கு ஏழு வயதில் இடக்கைச் சின்ன விரல் சைக்கிள் சங்கிலிக்குள் போனது. பாதி மிஞ்சியது. சைக்கிளை மிதித்தது துஷ்யந்தன்.

அவன் மேட்டைப் பார்த்தான். யாரும் இல்லை. உச்சியில் ஈரமண் அமிழ்ந்திருந்தது. ஒரு ஆள் உட்கார்ந்த அளவு.

பார்த்துக்கொண்டே இருந்தான்...

பள்ளம் மெதுவாக மேலே வந்தது. மண் சமமானது.

மணி 3:15.

கிழவர் மூன்றாவது குடுக்கையை மண்ணில் கவிழ்த்து, வெறும் குடுக்கையைத் துணியில் சுற்றித் துஷ்யந்தனிடம் கொடுத்தார். அவன் வாங்கிக்கொண்டான்.

காரிலிருந்து கோசலைக்குத் தொலைபேசி எடுத்தான். பாரிஸில் அப்போது இரவு பத்தரை தாண்டியிருந்தது.

"கோசலை. அவன் இல்லை. நான் வந்த பிறகு செலவைச் செய்வம்."

மறுமுனையில் குழாய்த் தண்ணீர் ஓடும் சத்தம். அது நின்றது.

"ஓம் அத்தான்," என்றாள்.

அவன் அழவில்லை. கிரிகோரி காரை மெதுவாக ஓட்டினார்.

டிசம்பர் 2, ஞாயிற்றுக்கிழமை. ஸ்தேன். துஷ்யந்தன் காலை ஏழு மணிக்கே போய்ச் சமைத்தான். ஆட்டிறைச்சிக் கறி, கத்தரிக்காய்ப் பொரியல், அவித்த முட்டை. தம்பி விரும்பியவை. ஒரு பெட்டி சிகரெட். சாராயத்துக்குப் பதில் மெஸ்கால், அந்தக் குடுக்கையில். கோசலை கதவைத் திறந்தபோதே பொட்டு இல்லை. அவளுடைய மகள் மிருணாளினி, மாமி வீட்டுக்குப் போயிருந்தாள்.

அறையில் இலை போட்டுப் படைத்தார்கள். இலைக்கு முன்னால் பாய் விரித்தார்கள். கதவைச் சாத்திவிட்டு வெளியே நின்றார்கள். செத்தவர் தனியாக வந்து சாப்பிட வேண்டும். அவர்கள் குடும்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. மூத்தவர் கதவடியில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும்.

பகல் 12:40.

"பிருந்தா. வா. சாப்பிட வா."

ஒரு தரம்தான் கூப்பிட்டான்.

உள்ளே சத்தம் கேட்டது. வெறுங்கால் தரையில் ஒட்டி... பிய்ந்து எழுகிற சத்தம்.

ஒன்று.

இரண்டு.

பிறகு இல்லை.

12:55க்குக் கைதட்டிவிட்டுக் கதவைத் திறந்தான். இலையில் எதுவும் குறையவில்லை. குடுக்கை நிறைந்திருந்தது. அவன் பாயைச் சுருட்டக் குனிந்தான். கையை எடுத்தான்.

பாய் சுட்டது.

"ஹீட்டர் போல," என்றாள் கோசலை.

ஹீட்டர் எதிர்ச் சுவரில் இருந்தது. அன்று அது போடப்படவில்லை.

இத்துடன் முடிந்தது என்று அவன் நினைத்தான். தம்பி 2009இல் செத்தான், இப்போது வந்து சாப்பிட்டுப் போனான். ஒரு மாதிரி மனம் அடங்கியது. கோசலையும் நன்றாகத் தூங்குவதாகச் சொன்னாள்.

2019 மார்ச் 12, செவ்வாய்க்கிழமை, காலை 11:18. கடைச் சமையலறை. தொலைபேசி அடித்தது. இந்திய எண்.

பேசியவர் சிஸ்டர் இம்மாகுலேற். மன்னாரில் பிறந்தவர். தமிழ்நாட்டுக் கடற்கரையில் ஒரு காப்பகத்தில் வேலை செய்கிறார். அங்கே இறந்த ஒருவரின் படத்தைப் பாரிஸ் தமிழரிடையே சுற்றுக்கு விட்டிருந்தார். ரூ காயில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் வரதராசா துஷ்யந்தனின் ஊர்க்காரர். அவர் படத்தைப் பார்த்து இந்த எண்ணைக் கொடுத்திருக்கிறார்.

"உங்கட தம்பிக்கு இடக்கைச் சின்ன விரல் பாதியோ?"

"ஓம்."

"அப்ப அவர்தான். ரெண்டாயிரத்து ஒன்பது வைகாசியில ஒரு வள்ளத்தில வந்து சேர்ந்தவர். ஒரு சொல்லும் பேசினதில்லை. பெயர் தெரியாமத்தான் வைச்சிருந்தனாங்கள். சாப்பிடுவார், தோட்டத்துக்குத் தண்ணி விடுவார். ஒரு நோய் வருத்தமும் இல்லை."

"எப்ப செத்தவன்?"

"போன மார்கழி, டிசம்பர் ரெண்டாம் திகதி."

அடுப்பில் கறி கொதித்தது. அவன் நெருப்பைக் குறைத்தான்.

"அதுக்கு ரெண்டு கிழமைக்கு முதல் ஒரு விஷயம் நடந்தது. கார்த்திகை இருபது. விடியப்புறம் ரெண்டே முக்கால். கத்திக்கொண்டு எழும்பினார். உள்ளங்கால் ரெண்டும் பொக்களம். சுட்ட காயம் எண்டு டொக்டர் சொன்னார். நல்ல மழை. இஞ்சை நெருப்பே இல்லை. அவர் கட்டிலை விட்டு இறங்கவுமில்லை."

அங்கே நவம்பர் 20, விடியற்புறம் இரண்டே முக்கால். வஹாக்காவில் நவம்பர் 19, பிற்பகல் 3:15.

மேட்டில் இருந்தவன் அப்போது உயிரோடு இருந்தான்.

"எத்தினை மணிக்குச் செத்தவன், சிஸ்டர்?"

"பின்னேரம் அஞ்சு பத்து. சாப்பாடு வைச்சனாங்கள். தொடேல்லை. அண்டைக்குத்தான் முதல் முதல் வாய் திறந்து பேசினவர். 'பாரிஸில அண்ணை சாப்பிடக் கூப்பிடுறார்' எண்டார். எழும்பினார். ரெண்டு அடி வைச்சார். அவ்வளவுதான்."

இந்தியாவில் ஐந்து பத்து.

பாரிஸில் 12:40.

"பிறகு படத்தை அனுப்புறன், தம்பி. கேக்குதோ?"

"ஓம், சிஸ்டர்."

தொலைபேசியை மேசையில் வைத்தான். கோசலைக்கு எடுக்கவில்லை. இன்றுவரை சொல்லவில்லை.

மணி 11:30. உள்ளேயிருந்து கிரிகோரியின் குரல் வந்தது.

"துஷி, பசிக்குது. எல்லாரையும் கூப்புடு."

துஷ்யந்தன் வாயைத் திறந்தான்...

மூடினான்.

அகப்பையை எடுத்தான்.