எண்ணெய் காட்டிய நூற்றி நாலு

எம்.ரெட்டியபட்டி சங்கரம்மாள் அக்காவுக்கு எங்கள் நூல் மில்லில் பத்தொன்பது வருஷ வேலை. பதினாலாம் மிஷின் அவருடையது. பருத்தி எடுத்துப் பழகிய விரல்கள். அறுந்த இழையைப் பேச்சு நிற்காமலே ஒட்டிவிடும். யாரோடும் பேசாத என்னை "ஊமைக்கோட்டான்" என்று கேலி செய்வார். ஆனால் மில் பஸ்ஸில் எனக்கு இடம் பிடித்து வைப்பவரும் அவர்தான்.

இழை அறுந்தால் தொங்கும் பஞ்சை மிஷினுக்குள் ஓடும் காற்று இழுத்துக்கொள்ளும். அந்த இழுப்பை அளக்க, வளைந்த கண்ணாடிக் குழாயில் தண்ணீர் இருக்கும். இரண்டு பக்கத்து மட்டத்துக்கும் நூறு மில்லிமீட்டர் வித்தியாசம் வேண்டும். குறைந்தால் ஃபிட்டரைக் கூப்பிட வேண்டும். அதைப் பார்த்து நோட்டில் எழுதுவது என் வேலை. ஏழாவதோடு நின்ற என்னை நம்பி நோட்டைக் கொடுத்தார்களே என்று எனக்குப் பெருமை.

எங்கள் பக்கத்து உப்புத் தண்ணீர், பதினாலாம் மிஷின் குழாயில் வெள்ளையாகப் படிந்து கோடுகளை மறைத்தது. யாரையும் கேட்கக் கூச்சம். கழுவிவிட்டு, மிஷினுக்கு விடும் எண்ணெயை ஊற்றினேன். மட்டம் பளிச்சென்று தெரிந்தது. நூற்றி நாலு என்று எழுதினேன்.

ஒரு வாரத்தில் அந்த மிஷினில் பஞ்சு உருளைகளில் சுற்றிக்கொண்டு, நூல் அறுந்துகொண்டே இருந்தது. மேஸ்திரி நல்லமுத்து நோட்டைப் புரட்டிவிட்டு அக்காவிடம் திரும்பினார்.

"காத்து சரியாத்தான இருக்கு. ஒனக்குக் கை ஓஞ்சு போச்சு. வேஸ்ட் ரூமுக்குப் போ."

"காத்து இழுக்கவே மாட்டேங்குது மேஸ்திரி."

"அப்ப நோட்டு பொய் சொல்லுதாக்கும்?"

அக்கா என்னைப் பார்த்தார். எண்ணெயால் இருக்குமோ என்று அப்போதே எனக்கு உறுத்தியது. தலை குனிந்துகொண்டேன்.

எட்டு நாள் அவர் தூசியில் இருமிக்கொண்டு கழிவுப் பஞ்சு பிரித்தார். பஸ்ஸில் அப்போதும் எனக்கு இடம் வைத்திருந்தார். அதுதான் தாங்க முடியவில்லை.

ஒன்பதாம் நாள் ஃபிட்டர் பாண்டிராஜிடம் போனேன். "அண்ணே, அந்தக் குழாய்ல இருக்கது தண்ணி இல்ல. எண்ணெய்."

அவர் தலையில் அடித்துக்கொண்டார். "எண்ணெய் தண்ணிய விட லேசும்மா. தண்ணி எம்பத்தஞ்சு ஏறுற இழுப்புக்கு இது நூறு ஏறும். நீ எழுதுன நூத்தி நாலு, தண்ணிக்கு எம்பத்தெட்டுதான்."

காற்றுப் பெட்டியைத் திறந்தார். சல்லடை முழுக்கப் பஞ்சு அடைத்திருந்தது.

மேஸ்திரி அக்காவைக் கூப்பிட்டு, "போய் ஒன் மிஷினப் பாரு" என்றதோடு சரி. நான்தான் எல்லார் முன்னாலும் சொன்னேன்: "எண்ணெய ஊத்துனது நான்தாங்க்கா. சந்தேகம் வந்தும் சொல்லல."

"ஊத்துனது தெரியாம ஊத்துன. எட்டு நாளு வாயில என்ன கொழுக்கட்டையா வச்சிருந்த?"

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். கேட்ட அக்கா சிரிக்கவில்லை.

இப்போதெல்லாம் நான் குழாயருகே குனிந்ததுமே, "எம்புட்டு? எல்லாருக்கும் கேக்கச் சொல்லு" என்பார். மிஷின் இரைச்சலுக்கு மேலே கத்த வேண்டும். அவர் முகத்தைப் பார்க்காமல் கத்துகிறேன்.