கேள்வி இல்லாத படங்கள்

தேர்தல் முடிவு வரும் நாளில், டிவியில் பேசக் கிளம்புமுன் டையை முடிச்சிட்டுக்கொண்டே, யார் ஜெயித்தாலும் சொல்வதற்கான இரண்டு பாராட்டுகளைக் கண்ணாடி முன்னால் மாற்றி மாற்றிச் சொல்லிப் பார்ப்பார் அப்பா. மேலே இஸ்திரி போட்ட கோட்டு. மேசைக்குக் கீழே கேமரா போகாது என்பதால் காலில் வீட்டுச் செருப்பு. "மக்கள் தெளிவான தீர்ப்பு குடுத்திருக்காங்க." இந்த வாக்கியம் இரண்டிலும் வரும்.

ஒருமுறை, பாதி ஓட்டு எண்ணுவதற்குள் ஒரு வேட்பாளருக்கு நேரலையில் வாழ்த்துச் சொல்லிவிட்டார். மாலையில் அந்த ஆள் தோற்றுப்போனார். அன்றிலிருந்து அப்பாவின் வாயில் "இப்போதைய நிலவரப்படி" ஒட்டிக்கொண்டது. "இப்போதைய நிலவரப்படி காபி ஆறிப்போச்சு." அம்மா மருத்துவமனையில் கிடந்தபோது, விசாரித்த சித்தியிடமும் அதேதான்: "இப்போதைய நிலவரப்படி முன்னேற்றம்."

"ஏன் மாமா, அக்கா என்ன தேர்தல்லயா நிக்கறா?" என்று கேட்டுவிட்டுச் சித்தி ஃபோனை வைத்துவிட்டாள்.

தேர்தல் இல்லாத காலத்தில் அப்பா ஆவணப்படம் எடுப்பார். பதவி போன அமைச்சர்கள், கலைந்த கட்சிகள், யாரும் தேடி வராத தலைவர்கள். படம் அவருடையது. பேட்டி எடுத்தது அம்மா. அப்பா கேட்டால் அவர்கள் மேடைப்பேச்சு பேசுவார்கள். அம்மா கேமராவுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டு, "அப்புறம்?" என்பாள். அமைச்சராக இருந்தவர் அழுவார்.

படத்தில் அவள் குரல் வராது. கேள்வியை வெட்டிவிட்டுப் பதிலை மட்டும் ஒட்டுவது அப்பாவின் முறை. பேட்டிக்கு முன்பே எல்லோரிடமும் சொல்லிவிடுவார்: "கேள்வியையும் பதில்லயே சேத்து சொல்லிடுங்க சார், நாங்க இருக்கறதே தெரியக் கூடாது." படம் முடிந்ததும் மூல டேப்பை அழித்து அடுத்த படத்துக்கு வைத்துக்கொள்வார். "டேப் என்ன மரத்துலயா காய்க்குது?"

அம்மா அதற்கே பழகிப்போனாள். வீட்டில் யாராவது ஃபோனில் படம் பிடித்தால் வாயை மூடிக்கொண்டு ஓரமாக நகர்ந்துவிடுவாள்.

போன மாதம் இறந்தாள். அவள் குரல் எங்கள் யாரிடமும் இல்லை என்பது அதற்குப் பிறகுதான் உறைத்தது. நான் ஒலிப் பொறியாளர். அப்பாவின் படங்களை எல்லாம் கணினியில் ஏற்றி, ஒவ்வொரு வெட்டின் விளிம்பிலும் தேடினேன். சுத்தமான வேலை. அவள் மூச்சுகூட மிஞ்சவில்லை.

"என்னம்மா தேடற?"

"அம்மாவ."

"அதுல எப்படி இருப்பா? நான்தான் வெட்டிட்டேனே." அதைச் சொன்னபோது அவர் குரலில் சற்றுப் பெருமை இருந்தது.

ஓரிடம் மட்டும் தப்பியிருந்தது. ஒரு பழைய தலைவர் தன் தோல்வியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போதே அம்மா அவசரப்பட்டு "அப்புறம்?" என்று கேட்டிருக்கிறாள். இரண்டு குரலும் ஒன்றன்மேல் ஒன்று ஏறிவிட்டன. வெட்டினால் அவர் பேச்சும் போய்விடும். அதனால் அப்பா விட்டுவைத்திருக்கிறார். அந்த ஒரு சொல் வரும் இடத்தில் மட்டும் தலைவரின் குரலைத் தாழ்த்தி அவளுடையதை மேலே கொண்டுவந்தேன். கரகரப்பு போகவில்லை. ஆனால் அவள்தான்.

அப்பாவைக் கூப்பிட்டு ஹெட்ஃபோனைக் கொடுத்தேன். அன்றைய டிவி விவாதத்துக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர், நின்றபடியே மாட்டிக்கொண்டார். போட்டேன். முகம் தளர்ந்தது.

"அவதான்" என்றார்.

மறுபடி போடக் கை நீட்டினேன்.

"இரு, இரு. ஓடட்டும். அந்த ஆளு அதுக்கு என்ன சொல்றான்னு பாப்போம்."

கண்ணை மூடிக்கொண்டு, ஹெட்ஃபோனைக் காதோடு அழுத்தி, தலைவரின் பதிலைக் கடைசிவரை கேட்டார். பேனாவை எடுத்து, விவாதத்தில் சொல்வதற்காக அதை உள்ளங்கையில் குறித்துக்கொண்டார். மை கலையாமலிருக்க ஊதிக்கொண்டே படியிறங்கிப் போனார்.