பதினான்கு மிஸ்டு கால்

இரண்டு வருடங்களுக்கு முந்தைய மழைக்காலம். சென்னையிலிருந்து போர்ட் பிளேயருக்குக் கிளம்பிய கப்பலின் மேல்தளத்தில், ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு மறுகையால் செல்போனை வானத்துக்குத் தூக்கியபடி நின்றிருந்தேன். சிக்னல் ஒற்றைக் கோடாகிவிட்டிருந்தது. அப்போது தங்கையிடமிருந்து ஒரு மெசேஜ் வந்தது. "அப்பா அந்த வீடியோவ பாத்துட்டாரு." அதற்கு மேல் அவள் இன்னும் ஏதோ டைப் செய்துகொண்டிருப்பதாகப் போன் காட்டியது. காத்திருந்தேன். அந்த ஒற்றைக் கோடும் போய்விட்டது.

தீவுக்காரர்களுக்கு இதன் கொடுமை சொல்லாமலே புரியும். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். கரை மறைந்துவிட்டால், மூன்றாம் நாள் தீவு கண்ணில் படும்வரை பயணிகளின் போன் வெறும் டார்ச் லைட்தான். அப்பா பார்த்துவிட்டார் என்பது தெரியும். பார்த்துவிட்டு என்ன செய்தார் என்பது தெரியாது. அதைத் தெரிந்துகொள்ள நான் ஒரு கடலைத் தாண்ட வேண்டும்.

என்ன வீடியோ என்று கேட்பீர்கள். அதற்கு முதலில் என் பிழைப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். பகலில் போர்ட் பிளேயரின் அபர்டீன் பஜாரில் ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலை பார்த்தேன். மற்ற நேரமெல்லாம் வாய்தான் தொழில். டிவி சீரியல், சினிமா, பாட்டுப் போட்டி, நடிகர் பேட்டி என்று ஊர் எதைப் பார்க்கிறதோ அதையெல்லாம் கிண்டலடித்துப் பேசுவேன். இந்தத் தொழிலை எனக்குக் கொடுத்ததே எங்கள் தீவின் மட்டமான இன்டர்நெட்தான். கடலடிக் கேபிள் வருவதற்கு முன்பு இங்கே ஒரு வீடியோ இறங்குவதற்குள் ஒரு உலை சோறு வெந்துவிடும். மழையிலோ கரண்ட் கட்டிலோ சீரியலைத் தவறவிட்டால் தவறவிட்டதுதான். அதனால் ஒரு வாரக் கதையை நான்கு நிமிடத்தில், தமிழும் ஹிந்தியும் கலந்து, மாமியார் குரல் மருமகள் குரல் எல்லாம் போட்டு, எங்கள் சர்ச் இளைஞர் குழுவின் வாட்ஸ்அப்பில் பேசி அனுப்ப ஆரம்பித்தேன். வெறும் குரல் என்றால் எந்த நெட்டிலும் போய்ச் சேர்ந்துவிடும். பிறகு கேபிள் வந்தது. இனி எல்லோரும் தாங்களே பார்த்துக்கொள்வார்கள், என் கடைக்குப் பூட்டு என்று நினைத்தேன். நடந்ததோ வேறு. "எபிசோட பாத்தாச்சு, இப்ப நீ சொல்லு" என்றார்கள். குரல் வீடியோவானது, வீடியோவுக்கு ஒரு பக்கம் திறந்தேன், முகம் தெரியாதவர்கள்கூட பார்க்க ஆரம்பித்தார்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நான் ஒரு கே. தமிழில் தன்பாலீர்ப்பாளன் என்று எழுதுகிறார்கள். அவ்வளவு நீளமான வார்த்தையை எங்கள் லம்பா லைன் தெருவில் யாரும் ஒரே மூச்சில் சொல்லி நான் கேட்டதில்லை. வீட்டில் தங்கைக்கு மட்டும் தெரியும். அம்மாவுக்குச் சந்தேகம் இருந்திருக்கலாம். அப்பாவுக்குத் தெரியாது என்றுதான் நம்பிக்கொண்டிருந்தேன்.

அப்பா ஜங்லிகாட் மீன்பிடி ஜெட்டியில், அதாவது படகுத்துறையில், படகு இன்ஜின் மெக்கானிக். தூத்துக்குடிப் பக்கத்துக் கடற்கரையிலிருந்து சின்ன வயதில் இங்கே வந்தவர். நாளுக்குப் பத்து வார்த்தை பேசினால் அதிகம். அதனால் என் வீடியோக்களில் அவருக்குப் பதிலாக நான் பேசினேன். அவருக்கு 'சென்சார் போர்டு' என்று பட்டம் வைத்தேன். சேனல் மாற்றுவார், முறைப்பார், ரிமோட்டை எறிவார். ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. அவர் என் வீடியோ எதையும் பார்ப்பதில்லை என்ற தைரியம் எனக்கு.

அந்த மழைக்காலத்தில்தான் சென்னையில் முதல் மேடை கிடைத்தது. ஒரு காபிக் கடையின் மாடியில் நகைச்சுவை மாலை. முதலில் ஒரு சீரியல் மாமியாரை ஒரு பிடி பிடித்துவிட்டு, கடைசியில் சினிமாவில் நாயகி வரும் காட்சிகளைக் கிண்டலடித்தேன். "காத்து அடிக்கும், துப்பட்டா பறக்கும், தியேட்டரே ஹீரோயினப் பாக்கும். நான் மட்டும் ஹீரோவோட சட்டையப் பாத்துட்டிருப்பேன். ரொம்ப வருஷம் நான் சட்டையத்தான் பாக்குறேன்னு நெனச்சுட்டிருந்தேன்." மாடி அதிர்ந்தது. அந்தச் சிரிப்பில் எனக்குத் தலைகால் புரியவில்லை. எழுதி வைக்காத ஒன்றையும் சேர்த்துச் சொன்னேன். "எங்க அப்பாவுக்கு இது தெரியாது. ஹீரோயின் ரவிக்க கொஞ்சம் கொறஞ்சாலே ரிமோட்ட எறியுற மனுஷன். இது தெரிஞ்சா என்னையும் தூக்கி வெளிய எறிவாரு. சுத்தி கடலு, நான் எங்க போய் விழுறது?" கைதட்டல் ஓய வெகுநேரம் ஆனது.

மறுநாள் கப்பல். துறைமுகத்தில் காத்திருந்தபோது யாரோ படம்பிடித்து அனுப்பிய அந்த வீடியோவைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். கைதட்டல் ஒரு போதை. அப்படியே என் பக்கத்தில் ஏற்றிவிட்டேன். சாயங்காலம் கப்பல் நகர்ந்ததும் போதை இறங்கியது. இறங்கிய நேரத்தில்தான் தங்கையின் மெசேஜ் வந்தது.

பங்க் கிளாஸ் என்பது கப்பலின் அடித்தளத்தில் அடுக்கடுக்காகப் படுக்கைகள் போட்ட பெரிய கூடம். மழைக்காலக் கடல் வேறு. பாதிப் பேர் வாந்தி, மீதிப் பேர் சீட்டாட்டம். முதல் நாள் முழுக்கப் படுத்தே கிடந்தேன். அப்பா என்னவெல்லாம் செய்வார் என்று எனக்கு நானே படம் ஓட்டினேன். என் துணிமணி வாசலில் கிடப்பது போல ஒரு காட்சி. ஜெட்டியில் யாருமே வராதது போல ஒரு காட்சி. சீரியல்காரர்களைக் கிண்டலடிப்பவன்தான், ஆனால் அவர்களைவிட மோசமாகக் கதை கட்டினேன்.

இரண்டாம் நாள் காலை எதிர்ப் படுக்கையிலிருந்து என் குரலே எனக்குக் கேட்டது. நான் மறந்துபோன விஷயம் ஒன்று இருந்தது. கப்பலில் நெட் கிடையாது என்று தெரிந்த நம் ஆட்கள், ஏறுவதற்கு முன்பே மூன்று நாளைக்கு வேண்டியதை இறக்கி வைத்துக்கொள்வார்கள். தீவுக்காரன் வீடியோ என்பதால் என்னுடையதும் இறங்கியிருக்கிறது. அதோடு போனுக்குப் போன் கைமாறிக் கூடம் முழுக்கச் சுற்றிக்கொண்டிருந்தது. நான் போர்வையை முகம்வரை இழுத்துக்கொண்டேன்.

"தம்பி, இது நீங்கதானே?"

எதிர்ப் படுக்கை அக்கா. கச்சால் தீவின் ரப்பர் தோட்டக்காரர். இலங்கை மலைத் தோட்டங்களிலிருந்து வந்து குடியேறிய குடும்பம். புருஷனுக்குச் சென்னையில் கண் ஆபரேஷன் முடித்துக் கூட்டிப்போகிறார். புருஷன் கறுப்புக் கண்ணாடியோடு சுருண்டு படுத்திருந்தார். மறுத்துப் பயனில்லை. ஆமாம் என்றேன்.

அக்கா எழுந்து உட்கார்ந்தார். "சச் போலோ, உண்மையச் சொல்லுங்க தம்பி, நீங்க செஞ்சது நியாயமா?"

வந்துவிட்டது தீர்ப்பு என்று நினைத்தேன்.

"அந்த மாமியார போயி அப்புடிச் சொல்லிட்டீங்களே. அவ செய்யிறதுல என்னா தப்பு? வீட்ட யாரு பாத்துக்கிறது?"

அந்தச் சீரியல் மாமியாருக்காக அவர் கால்மணி நேரம் வாதாடினார். நான் பொறுக்க முடியாமல், வீடியோவின் கடைசிப் பகுதியையும் பார்த்தீர்களா என்று கேட்டேன்.

"பாத்தேன். அதுக்கென்னா? அது ஒங்க சொந்த விசயம். மாமியாரு எல்லாத்துக்கும் பொது."

கப்பல் ஏறியதிலிருந்து அப்போதுதான் முதல்முறையாகச் சிரித்தேன். சிரித்துக்கொண்டே வயிற்றில் இருந்ததையெல்லாம் அவரிடம் கொட்டினேன். தங்கையின் மெசேஜ், அப்பா, மூன்று நாள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அவர் ஒன்றே ஒன்று சொன்னார். "பாவம், மூணு நாளு." எனக்காகத்தான் பரிதாபப்படுகிறார் என்று எடுத்துக்கொண்டேன்.

எல்லோரும் அக்காவைப் போல இல்லை. கேண்டீன் வரிசையில் சீட்டாட்டக்காரர் ஒருவர் "வஹீ ஹை", அவனேதான், என்று பக்கத்தில் இருந்தவருக்குக் கண்காட்டினார். நான் போய் உட்கார்ந்ததும் இன்னொருவர் தட்டை எடுத்துக்கொண்டு நகர்ந்து போனார். வீட்டிலும் இப்படி ஒரு தட்டு நகர்ந்தால் என்ன செய்வேன் என்றுதான் யோசித்தேன்.

மூன்றாம் நாள் காலை தூரத்தில் பச்சையாகத் தீவு தெரிந்தது. ஒரே நேரத்தில் கப்பல் முழுக்கப் போன்கள் கத்த ஆரம்பித்தன. என் போனிலும் வரிசையாகச் செய்திகள் விழுந்தன. அப்பாவிடமிருந்து பதினான்கு மிஸ்டு கால். நான் சிக்னல் இழந்த அந்த மாலையிலிருந்து அடுத்தடுத்து. ஒரு வருடத்தில் அவர் என்னை அத்தனை முறை அழைத்ததில்லை. கடைசியில் தங்கையின் மெசேஜ். "அப்பா சரியா சாப்பிடல. ஜெட்டிக்கு அவரே வர்றாராம்." தங்கையை அழைத்தேன், எடுக்கவில்லை. காலேஜில் இருந்திருப்பாள். அப்பாவின் எண்ணை அழுத்த விரல் வரவில்லை. பேசாமல் இதே கப்பலில் சென்னைக்கே திரும்பிவிடலாமா என்றுகூட நினைத்தேன். அக்கா தன் புருஷனைக் கைத்தாங்கலாகப் பிடித்துக்கொண்டு, "சலோ தம்பி, எறங்குங்க" என்று முதுகில் தட்டினார்.

ஹேடோ துறைமுகத்தில் அழைக்க வருபவர்கள் கேட்டுக்கு வெளியேதான் நிற்க வேண்டும். தூறல். குடைகளுக்கு நடுவே குடையில்லாமல் ஒருவர் நனைந்துகொண்டு நின்றார். கிறிஸ்துமஸுக்கு மட்டும் எடுக்கும் வெள்ளைச் சட்டை. அப்பா.

கிட்டே போனதும் பையை வாங்குவார் என்று நீட்டினேன். அவர் பையை விட்டுவிட்டு என் மணிக்கட்டைப் பிடித்தார். இன்ஜின் பிடித்த கை, வலித்தது.

"போன ஏம்ல எடுக்கல?"

"சிக்னல் இல்லப்பா."

"தெரியும்."

"தெரிஞ்சுமா பதினாலு தடவ அடிச்சீங்க?"

"வேற என்னல செய்யச் சொல்லுத? நீ பாட்டுக்கு எங்க போய் விழுறதுன்னு கேட்டுட்டு கப்பல் ஏறிட்ட. சுத்தி கடலு. குதிச்சிருவியோன்னு..." அவர் பிடியை விடவில்லை.

நான் சிரிப்புக்காகச் சொன்ன வரியை அவர் நிஜமாகவே எடுத்துக்கொண்டிருக்கிறார். கட்டிலில் கிடந்து நான் கதை கட்டிய அதே மூன்று நாளும் அவர் அதைவிடப் பயங்கரமான ஒன்றை நினைத்துக்கொண்டு தூங்காமல் இருந்திருக்கிறார். அக்கா சொன்ன 'பாவம்' யாருக்கு என்று அப்போதுதான் உறைத்தது. வெட்கமாக இருந்தது. அதைவிட, அப்பாடா என்று இருந்தது. இரண்டும் சேர்ந்து அந்தக் கேட் வாசலிலேயே அழுதுவிட்டேன்.

ஸ்கூட்டரில் ஏறும்போது அவர் திரும்பாமலே சொன்னார். "ஷிப்பிங் ஆபீசுக்குப் போனேன். கப்பலுக்கு ஒரு சேதி சொல்ல முடியுமான்னு கேட்டேன். என்ன சேதின்னான். எம் மவன வீட்டுக்கு வரச் சொல்லுங்கன்னேன். சிரிக்கான். 'அரே பாய், கப்பலு இங்கதான வருது'ங்கான். அவனுக்கு என்ன தெரியும்?"

லம்பா லைன் திருப்பத்தில் வண்டியை மெதுவாக்கினார்.

"ஏல, இன்னொண்ணு. ரிமோட்ட எறிஞ்சது நெசந்தான். ஆனா ரவிக்கைக்கு எறியல. பேட்டரி செத்துப்போச்சு, எத்தன தட்டு தட்டியும் அமுங்கல, அதான் எறிஞ்சேன். ஊரு பூரா பொய் சொல்லிட்டுத் திரியாத."

நான் பின்னால் உட்கார்ந்து சிரித்த சிரிப்பில் வண்டி ஆடியது. உனக்குக் கோட்டியால என்று திட்டிவிட்டு அவரும் சிரித்தார். அவர் முதுகு குலுங்கியதைப் பார்த்தேன்.

எல்லாம் அன்றே சரியாகிவிட்டது என்று சொன்னால் அதுவும் பொய்யாகிவிடும். அம்மா சோறு போட்டார், என் முகத்தைப் பார்க்கவில்லை. பார்க்கச் சில மாதங்கள் ஆயின. சர்ச் குழுவிலிருந்து சிலர் என்னோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார்கள். அப்பா இன்றுவரை அந்த வார்த்தையை வாயால் சொன்னதில்லை. ஆனால் ஜெராக்ஸ் கடையை விட்டுவிட்டு இதையே முழுநேரத் தொழிலாகச் செய்கிறேன் என்றபோது, "படகு ஓடுதுன்னா ஓட்டு" என்று மட்டும் சொன்னார். இப்போது எந்த வீடியோவும் முதலில் அவருக்குத்தான் போகிறது. பார்த்துவிட்டு, எது நடந்தது, எது நடக்கவில்லை என்று திருத்தம் சொல்வார். பேட்டரி கதையை மேடையில் சொல்கிறேன். பழைய பொய்யைவிட அதற்குத்தான் சிரிப்பு அதிகம்.

அந்தப் பதினான்கு அறிவிப்புகளையும் நான் இன்னும் அழிக்கவில்லை. சிரிக்கவே மாட்டோம் என்று வந்து உட்கார்ந்திருக்கும் கூட்டத்தின் முன் நிற்கும்போது, ஒரு கவுண்டரில் நின்று என் மவன வீட்டுக்கு வரச் சொல்லுங்க என்று கேட்ட மனிதரை நினைத்துக்கொள்வேன். மேடை சொதப்பினாலும் போய்ச்சேர எனக்கு ஒரு வீடு இருக்கிறது என்ற நிம்மதியில்தான் வாயைத் திறக்கிறேன்.